தலைவர் வர்ற வரைக்கும் மூச்சு

ஆரம்பிச்சிருச்சு. நெஞ்சுக்குள்ள விசில். வெளிய யாருக்கும் கேக்காது, ஏன்னா மைக்குல தங்கப்பழம் நிக்கான், எங்க கட்சி கவுன்சிலரு, அவன் பேச்சு குழாய் ரேடியாவுல ஏறி பஸ் ஸ்டாண்டு வரைக்கும் போய் உக்காந்திருக்கவனையெல்லாம் எழுப்பி விரட்டிக்கிட்டிருக்கு. அவனுக்கு அடுத்து நான். வெண்கலக்குரல் கோட்டைச்சாமி. போஸ்டர்ல என் பேரு கடைசி வரியில எறும்பு சைசுக்கு இருக்கும், ஆனா அந்த வெண்கலக்குரலை மட்டும் விடமாட்டானுக. என் வேலை என்னன்னா, தலைவர் வர்ற வரைக்கும் பேசுறது. தலைவர் எந்தக் கூட்டத்துக்கும் சொன்ன நேரத்துக்கு வந்ததில்ல, வந்தா அவரு தலைவரே இல்ல, அதுவரைக்கும் கூட்டம் கலையாமப் பிடிச்சு வைக்கணும், சோறு வேகுற வரைக்கும் பிள்ளைக்கு வெளாட்டுக் காட்டுற மாதிரி. முப்பது வருசமா வெளாட்டுக் காட்டுதேன். கோவில்பட்டியில இருந்து தென்காசி வரைக்கும் நான் வெளாட்டுக் காட்டாத முக்கு கிடையாது. இப்ப என்னடான்னா மேடையில பிளாஸ்டிக் சேர்ல ரெண்டாவது வரிசையில உக்காந்துக்கிட்டு, உள்ள போற காத்தை எண்ணிக்கிட்டிருக்கேன். காத்து போகுது, வரமாட்டேங்குது. அதுதான் இழுப்பு. தெரியாதவன் மூச்சு உள்ள போகலைன்னு நெனைப்பான். சவம் உள்ள போகுதுய்யா, போனது வெளிய வரத்தான் பாதை இல்ல. சட்டைப் பையைத் தொட்டுப் பாக்கேன். இருக்கு. நீலப் பம்பு, இழுப்புக்கு வாயில வச்சு அடிக்கிற மருந்து. எங்க ஆளுக வெள்ளைச் சட்டை போடுறதே பைக்குள்ள தலைவர் படம் தெரியணும்னுதான், அவ்வளவு மெல்லிசுத் துணி, அதுல நீலமா எதை வச்சாலும் ஊருக்கே தெரியும். அதனால தலைவர் படம் முன்னால, பம்பு பின்னால. தலைவருக்குக் கன்னம் வீங்கின மாதிரி இருக்கு. வர்றதுக்கு முன்னாடிதான் ஜெனரேட்டர் வண்டிக்குப் பின்னால போய் நின்னு ரெண்டு இழுப்பு இழுத்தேன். முன்னெல்லாம் மத்தியானம் இழுத்தா சாயங்காலம் வரைக்கும் தாங்கும். இப்ப தங்கப்பழம் பேசி முடிக்கிற வரைக்கும் கூடத் தாங்கல. அவன் இன்னும் தண்ணிக் குழாய் போட்ட கதையைத் தாண்டல.

நீலம் கேக்காமப் போயிரும்னு அந்தப் பொண்ணு அன்னைக்கே சொல்லுச்சு. நெஞ்சு டாக்டர் ஜெபராணி. எனக்கு மக இருந்தா அந்த வயசுதான். மேசை மேல ரெண்டு பம்பை நிக்கவச்சுக்கிட்டுச் சொல்லுச்சு, "ஐயா, ரெண்டும் ஒண்ணு இல்ல. நீலம், இழுக்கும்போது மட்டும். சுருங்கிப் போன குழாயை அந்த நிமிசமே விரிச்சு விட்டுரும், ஆனா அதோட சரி. காப்பிக் கலரு தெனமும். காலையில, சாயங்காலம், இழுத்தாலும் சரி, இழுக்கலைன்னாலும் சரி. உள்ள இருக்கிற வீக்கத்தை ஆத்துறது அதுதான். நீலத்தை மட்டும் வச்சு ஓட்டுனீங்கன்னா ஒரு நாள் அது கேக்காமப் போயிரும்." நான் தலையாட்டுனேன். மேடையில உக்காந்து உக்காந்து எதுக்கும் தலையாட்டுற பழக்கம். "காப்பிக் கலரு எடுத்ததும் வாய் கொப்பளிச்சுத் துப்பிரணும், மறந்துராதீங்க"ன்னுச்சு. அதுக்கும் ஆட்டுனேன். ஆனா துப்புறதாவது. மருந்தை எவனாவது துப்புவானா? கசாயம் குடிச்சா தம்ளர்ல தண்ணி ஊத்தி அலசி அந்தத் தண்ணியையும் குடிக்கிற குடும்பம் நாங்க. எங்க அய்யா தைலப் புட்டியைக் கூட கவுத்து வச்சு அடி வண்டலை வழிச்சுத் தேச்சுக்கிட்டவரு. கொப்பளிச்சேன். நல்லா, தொண்டையெல்லாம் படுற மாதிரி, கடகடன்னு கொப்பளிச்சேன். அப்புறம் முழுங்குனேன். காசு குடுத்து வாங்குன மருந்து, தொண்டையில ஒட்டுனதும் சேந்து நெஞ்சுக்கே போகட்டும்னுதான். தெனமும் ரெண்டு நேரம் பக்தியா முழுங்குனேன். இதுல என்ன தப்பு? துப்புன்னு சொன்னா ஏன் துப்பணும்னு சொல்ல வேண்டாமா? சொல்லியிருக்கும். சொல்லுச்சோ என்னமோ. கொப்பளிச்சுத் துப்பணும். கொப்பளிச்சுத் துப்பணும். இந்த ஒரு வார்த்தை முள்ளு மாதிரி மாட்டிக்கிட்டு எப்ப மூச்சு முட்டுனாலும் இதுதான் முன்னால வந்து நிக்கி. சாகும்போதும் இதுதான் வந்து நிக்கும் போல, சாமி பேரு வராது.

ஆனா ஒண்ணு சொல்லணும், அந்த மருந்து வேலை செஞ்சிச்சு. பொய் சொல்லக் கூடாது. மூணு வாரத்துல மாடிப்படி ஏறுனேன், இழுக்கல. பேசிக்கிட்டே ஏறுனேன், அதுவும் இழுக்கல. எம் பொஞ்சாதி சீனியம்மா கூட, "என்ன வே, பக்கத்துல ஆள் படுத்திருக்கதே தெரியல, செத்துட்டீரோன்னு தொட்டுப் பாத்தேன்"னு கேலி பண்ணுனா. நாலு நல்ல நாளு இருந்துச்சு. அப்புறம் கடம்பூர்க் கூட்டம். மைக்கைப் பிடிச்சு, "என் உயிரினும் மேலான பெரியோர்களே"ன்னு எடுக்கேன், பெரியோர்களே வரல. ஒரு கீச்சு வருது. சேவக்குஞ்சு மொதமொதல்ல கூவப் பாக்குமே, அந்தக் கீச்சு. கனைச்சுப் பாத்தேன், தண்ணி குடிச்சுப் பாத்தேன், இன்னொரு கீச்சு. கூட்டத்துல ஒருத்தன், எழவெடுத்தவன், "அண்ணாச்சி, வெண்கலத்தை வித்துட்டுத் தகரம் வாங்கிட்டீரா?"ன்னு கத்துறான். சிரிச்சானுக பாருங்க. முப்பது வருசமா நான் சிரிக்க வச்சதுக்கு ஒரு நாளும் அப்படிச் சிரிச்சதில்ல. ஜெபராணி டாக்டர் டார்ச் அடிச்சுப் பாத்துச்சு. நாக்குல, அண்ணத்துல, தொண்டையில வெள்ளை வெள்ளையா, தோசை மாவு தெளிச்ச மாதிரி. "கொப்பளிச்சீங்களா?" கொப்பளிச்சேன். "துப்புனீங்களா?" அது என்னைப் பாத்துச்சு. சிரிக்கல, திட்டல, அதுதான் எனக்குப் பொறுக்கல. "மருந்து படிஞ்சு பூஞ்சை பிடிச்சிருக்கு. குழாய் மாதிரி ஒரு டப்பா தாரேன், அதுல மாட்டி எடுங்க, தொண்டையில படியாது. எடுத்ததும் துப்பிருங்க. குரலு திரும்பிரும், ஆனா மருந்தை மட்டும் நிறுத்தாதீங்க." திரும்பிரும்னு சொல்லுதவளுக்கு என்ன, அவ குரலா போச்சு? வீட்டுக்கு வந்ததும் காப்பிக் கலரைத் தூக்கி பீரோ மேல எறிஞ்சேன். அந்த டப்பா இப்ப எங்கன கிடக்கோ. சீனியம்மா நாக்கைப் பிடுங்குற மாதிரிக் கேட்டா. "மூச்சு போனா ஆளு போயிரும். குரலு போனா என்ன போகும்? அந்தக் குரலைக் கட்டிக்கிட்டு அழுவீராக்கும்." ஆமா, அழுவேன். குரலு போனா நான் யாரு? அஞ்சாங்கிளாஸ் படிச்சவன், பஞ்சு மில்லுல மூட்டை தூக்குனவன். குரலை எடுத்துட்டா மிச்சம் இருக்கிறது ஒரு கிழட்டு இழுப்புக்காரன். குரலு திரும்பி வந்துச்சு. இழுப்பும் கூடவே வந்துச்சு, கல்யாணத்துக்குக் கூப்பிடாத சொந்தக்காரன் மாதிரி, மொத ஆளா, பெட்டியோட.

தங்கப்பழம் முடிக்கப் போறான். முடிக்காதடா. இன்னும் ரெண்டு தெருவுக்கு லைட் போட்டதைச் சொல்லு, சாக்கடை கட்டுனதைச் சொல்லு, கட்டாததையும் கட்டுனதாச் சொல்லு. ஒரு நிமிசம் கெடைச்சா எந்திரிச்சுப் பின்னால போய் ஒரு இழுப்பு இழுத்துட்டு வந்துரலாம். ஆனா பின்னால படியில நகரச் செயலாளர் சௌந்தரபாண்டி நிக்கான். சாயங்காலம் மேடை ஏறும்போதே என் தோள்ல கையைப் போட்டு அமுக்கிக்கிட்டே சொன்னான், "அண்ணாச்சி, ஒடம்பு எப்படி இருக்கு?" அக்கறையாம். எனக்குத் தெரியாதா அந்த அக்கறை. "யாரோ சொன்னாங்க, கழுகுமலையில நீங்க மேடைக்குப் பின்னால நின்னு என்னமோ பம்பு அடிச்சீங்களாமே. எவன் கையில பாத்தாலும் செல்போன். படம் பிடிச்சுப் போட்டான்னா என்ன எழுதுவான் தெரியுமா? கட்சிக்கே இழுப்புன்னு எழுதுவான். முடியலைன்னா சொல்லிருங்க, கயல்விழியை ஏத்திருவோம். காலேஜ்ல பேச்சுப் போட்டியில பரிசு வாங்குன பிள்ளை, மூச்சு விடாமப் பேசுது." மூச்சு விடாமப் பேசுதாம். என் முகத்தைப் பாத்துக்கிட்டே சொல்லுதான். நான் சொன்னேன், "எனக்கென்ன கேடு, இன்னைக்குப் பாருங்க." பாருங்கன்னு சொல்லிட்டு வந்து உக்காந்திருக்கேன், குடம் குடமா வேர்க்கு. இன்னைக்கு ஒரு தடவை இருமுனாப் போதும், நாளைக்கு இந்தச் சேர்ல அந்தப் பிள்ளை. அது மேலயும் கோவம் இல்ல எனக்கு. அது கீழ மொத வரிசை ஓரத்துல உக்காந்து தொடையில தாளம் போட்டுக்கிட்டு என்னத்தையோ மனப்பாடம் பண்ணுது, நானும் அப்படி உக்காந்தவன்தான். கோவம் என் நெஞ்சு மேல. இந்த ரெண்டு தோல் பை மேல. ஊருக்கெல்லாம் ஊதுன எனக்கு ஊதக் காத்து இல்ல. போன மாசம் சங்கரன்கோவில் பஸ்ஸுல, மழைன்னு எல்லா ஷட்டரையும் இறக்கிவிட்டுட்டானுக, ஈரத் துணி நாத்தம், பூண்டு மூட்டை நாத்தம், இழுப்பு வந்துருச்சு, பம்போ தலைக்கு மேல கம்பியில வச்ச பைக்குள்ள. கண்டக்டரைக் கூப்பிடப் பாக்கேன், வாய் தெறக்கு, சத்தம் வரல. மேடையில நாலாயிரம் பேருக்குக் கேக்கக் கத்துறவன், நாலடியில நிக்கிற கண்டக்டரைக் கூப்பிட முடியல. பக்கத்துல இருந்த பொம்பள, "தண்ணியடிச்சிருக்கான் போல"ன்னு பிள்ளையைத் தள்ளி உக்கார வச்சா. அன்னைக்கு எனக்கு சாவுன்னா என்னன்னு தெரிஞ்சுபோச்சு. பயம். சும்மா சொல்லக் கூடாது, எனக்குப் பயமா இருக்கு. கைதட்டுறானுக. தங்கப்பழம் முடிச்சுட்டான்.

"அடுத்து, இடியும் இவர் முன்னே அடங்கிப் போகும், வெண்கலக்குரல்..." தமிழ்வேந்தன் கூப்பிடுதான். கூட்டத்துல ஆளை ஏத்திவிட்டு இறக்கிவிடுற வேலை அவனுக்கு, அப்பன் வச்ச பேரு பால்ராஜ். எந்திரிச்சேன். கால் எட்டு வச்சா மேடைப் பலகை ஆடுது. மைக்கைப் பிடிச்சுட்டேன், இரும்பு குளுந்து கெடக்கு, பிடிச்சதும் ஒரு தைரியம் வரும் எப்பவும், இப்பவும் வருது. "என் உயிரினும் மேலான பெரியோர்களே, தாய்மார்களே..." வந்துருச்சு, குரலு வந்துருச்சு, வெண்கலம்தான். எங்க போகும். பேச்சுல ஒரு சூட்சுமம் இருக்கு, வெளிய எவனுக்கும் தெரியாது. கைதட்டலை எங்க வாங்கணும்னு வச்சுத்தான் வாக்கியத்தைக் கட்டுவோம். அவன் தட்டுற நேரம் நாம மூச்சு வாங்குற நேரம். ஆனா இன்னைக்கு எதிர்ல உக்காந்திருக்கது வேன்ல ஏத்திக்கிட்டு வந்த கூட்டம். பிரியாணிப் பொட்டலம் எப்ப வரும்னு லாரியைப் பாத்துக்கிட்டிருக்கு. தட்டவே மாட்டேங்கான். "எதிரிகளைக் கேட்கிறேன், இந்த மண்ணுக்கு நீங்கள் செய்தது என்ன?"ன்னு நிறுத்துதேன், இந்த எடத்துல கல்லு கூடத் தட்டும், ஒரு தாய்மார் கொட்டாவி விடுதா. மூச்சு வாங்க எடம் இல்ல. அடுத்த வாக்கியத்துக்கு ஓடுதேன். வாக்கியத்தைச் சின்னதாக்குதேன். இன்னும் சின்னதாக்குதேன். விலைவாசி. வேலையில்லை. தண்ணியில்லை. காத்தில்லை, எனக்கு. தோள்பட்டை தன்னால மேல ஏறுது, கழுத்து நரம்பு புடைக்குது, தூரத்துல இருந்து பாக்கிறவனுக்கு ஆவேசம் மாதிரித் தெரியும். சௌந்தரபாண்டி துண்டுச் சீட்டு நீட்டுதான், முடிக்கச் சொல்லுதான்னு ஆசையாப் பிரிச்சுப் பாக்கேன். "தலைவர் பைபாஸ் வந்துவிட்டார், பேசிக்கொண்டே இருக்கவும்." ஏலே பாவி. பைபாஸ்ல இருந்து இங்க வர ரெண்டு சிலைக்கு மாலை போடணும். "நம் தலைவர்... இதோ... பைபாஸ்..." பாத்தா வெளிச்சம் எல்லாம் நீலமா இருக்கு. டியூப் லைட்டா என் கண்ணா தெரியல. "தலைவர் வருகிறார்... அவர் வரும்போது..." அவ்வளவுதான். அடுத்த வார்த்தை இருக்கு, நாக்கு நுனியில இருக்கு, தள்ளக் காத்து இல்ல.

நின்னுட்டேன். மைக் கம்பியை ஒரு கையால பிடிச்சுக்கிட்டு, இன்னொரு கை சட்டைப் பைக்குள்ள போகுது. போகட்டும். பாத்தா பாத்துட்டுப் போறானுக. செல்போன்ல பிடிச்சா பிடிச்சுட்டுப் போறானுக. உசிரு போகுதுய்யா. வெரல்ல பம்பு தட்டுப்படுது. ஒரே ஒரு இழுப்பு, அப்புறம் பத்து எண்ணுற வரைக்கும் உள்ள பிடிச்சு வச்சா போதும், கதவு தெறந்துரும். அந்த நேரம் பாத்து தமிழ்வேந்தன் ஓடிவந்து மைக்கை என் வாய்கிட்ட இருந்து இழுத்துட்டான். "பார்த்தீர்களா! பெரியோர்களே, தாய்மார்களே, பார்த்தீர்களா! தலைவர் வருகிறார் என்று சொல்லும்போதே எங்கள் வெண்கலக்குரலுக்கு நெஞ்சு அடைக்கிறது! பாசத்தால் அடைக்கிறது! இதோ, நெஞ்சில் கை வைத்து நிற்கிறார் பாருங்கள்! சொல்ல வார்த்தை இல்லை, அவர் கண்ணில் தண்ணீரைப் பாருங்கள்!" கண்ணுல தண்ணிதான். மூச்சு முட்டுனா வரும். கூட்டம் பாக்குது. இவ்வளவு நேரம் லாரியைப் பாத்துக்கிட்டிருந்த கூட்டம் என்னைப் பாக்குது. கொட்டாவி விட்ட தாய்மார் முந்தானையால கண்ணைத் தொடைக்குது. எவனோ ஒருத்தன் தட்டுனான், பொறவு இன்னொருத்தன், பொறவு அத்தனை பேரும். விசில், எந்திரிச்சு நின்னு விசில். சௌந்தரபாண்டி படியில இருந்து ஓடிவந்து கழுத்துல துண்டைப் போட்டு, காதுல சொல்லுதான், "அண்ணாச்சி, கொன்னுட்டீங்க! இனிமே ஒவ்வொரு கூட்டத்துலயும் நீங்கதான். அப்படியே நில்லுங்க, கையை எடுக்காதீங்க, போட்டோ எடுக்கான்." மொத வரிசையில அந்தப் பிள்ளை கயல்விழியும் தட்டுது. நான் பேசி, உயிரைக் குடுத்துப் பேசி, முப்பது வருசத்துல வாங்காத கைதட்டு. பேச முடியாம நின்னதுக்கு. தெரு முக்குல பத்தாயிரம் வாலாவைக் கொளுத்திட்டானுக, தலைவர் வண்டி திரும்புது, கந்தகப் பொகை வெள்ளையா உருண்டு மேடைப் பக்கம் வருது. வெரல் இன்னும் பம்பு மேலதான் இருக்கு. எடுத்து வாயில வச்சா மூச்சு வந்துரும். வச்ச நிமிசம் இந்தத் தட்டல் அத்தனையும் சிரிப்பா மாறிரும், பாசம் இல்லடா, இழுப்புடான்னு கடைசி வரிசை வரைக்கும் தெரிஞ்சுபோகும். கொஞ்சம் ஓயட்டும். ஓஞ்சதும் எடுத்துக்கிடுவேன். ஓயமாட்டேங்கானுக. பொகை மொத வரிசைக்கு வந்துருச்சு. பைக்குள்ள இருந்து கையை வெளிய எடுக்கேன், வெறுங்கையா, இன்னொரு கையோட சேத்து, தலைக்கு மேல தூக்கிக் கும்பிடுதேன்.